சொல்கேட்கும் சாந்து

மாசானமுத்துவின் வீட்டு வாசற்படியில் தினமும் காலையில் ஒரு கைப்பிடி மணல் கிடந்தது.

பெருக்கித் தள்ளினால் மறுநாளும் கிடந்தது. ஆற்று மணல் போல் பளபளப்பதல்ல. சாம்பல் நிறம், விரலில் தேய்த்தால் மாவாகும். கோலம் போடக் குனிந்த அவர் மனைவி பகவதிதான் முதலில் பார்த்தாள். எறும்பு தோண்டுகிறது என்றாள். எறும்புப் பொடி தூவினார்கள். எறும்புகள் செத்தன, மணல் நிற்கவில்லை. கரையான் மருந்து அடிக்கிறவர் வந்து கதவு நிலையைத் தட்டிப் பார்த்தார். "தேக்கு கல்லு மாதிரி இருக்கு அண்ணாச்சி. கரையான் மரத்தத்தான் திங்கும், சுவத்தத் திங்காது" என்று சொல்லிவிட்டு, வந்ததற்கு ஒரு டீ மட்டும் குடித்துப் போனார்.

அதன்பிறகு மாசானமுத்துவுக்கு ஒரே முடிவுதான் தோன்றியது.

"எல்லாம் பக்கத்து வீட்டுக்காரி வேலை. கோர்ட்டுல தோத்த கோவம். கொண்டாந்து கொட்டுதா."

கதவுக்கு நேரே ஒரு கேமரா மாட்டினார். கேமராவில் ஒருவரும் வரவில்லை. மணல் மேலிருந்து நூல் போல் தானாக இறங்கியது. வங்கியில் முப்பது வருடம் மேலாளராக இருந்தவர் அவர். காரணம் இல்லாமல் எதுவும் நடக்காது என்று நம்புகிறவர். அந்தக் காட்சியைத் திரும்பத் திரும்ப ஓட்டிப் பார்த்தார். காரணம் பிடிபடவில்லை.

இந்த இடத்தில் சொல்கேட்கும் சாந்தைப் பற்றிச் சொல்லிவிட வேண்டும்.

ஒரு காலத்தில் அனுமதியில்லாத கட்டடத்தை இடிக்கப் பெரிய இயந்திரங்கள் வரும். ஒரு அறையை இடிக்கப் போய் வீட்டையே சாய்க்கும். பக்கத்துச் சுவர் விரிசல் விடும், சில சமயம் ஆளும் போகும். இதற்கு மாற்றாக வந்ததுதான் அந்தச் சாந்து. பார்க்கச் சிமெண்ட் போலவேதான் இருக்கும், அதே கெட்டி, அதே ஆயுள். ஆனால் கண்ணுக்குத் தெரியாத கோடிக்கணக்கான சிறு உறைகள் அதில் கலந்திருக்கும். மாத்திரைக்கு உறை இருப்பது போல. ஒவ்வொரு உறைக்குள்ளும் சாந்தின் பிடிப்பைத் தின்கிற ஒரு பொருள் அடைபட்டுத் தூங்கும்.

தெருவில் பேருந்து நின்று உறுமும்போது வீட்டில் ஒரு குறிப்பிட்ட சன்னல் மட்டும் கடகடவென்று ஆடும், மற்றவை சும்மா இருக்கும். அந்தச் சன்னலுக்கு அந்த உறுமலின் அதிர்வு பொருந்திப்போகிறது, அவ்வளவுதான். சாந்தின் உறைகளும் அப்படியே. ஒவ்வொரு அனுமதிக்கும் விற்கப்படும் மூட்டைகளுக்குத் தனி அதிர்வு உண்டு. அந்த ஒலியை எழுப்பும் கருவியைச் சுவரில் இறுக்கினால், அந்த மூட்டைகளின் சாந்து மட்டும் கேட்கும். உறைகள் உடையும். சில வாரங்களில் சாந்து மணலாகி உதிரும். செங்கற்களைப் பூப்போல எடுத்து அடுக்கிவிடலாம். போலீஸ் வேண்டாம், இயந்திரம் வேண்டாம், தூசிகூடக் கிடையாது.

இடிப்பது இவ்வளவு சுலபமானதும் வழக்குப் போடுவதும் சுலபமாகிவிட்டது. முன்பெல்லாம் பக்கத்து வீட்டுக்காரன் அரை அடி கூட்டிக் கட்டினால் முணுமுணுத்துவிட்டு விட்டுவிடுவார்கள். இடிக்கப் போனால் நம் வீடும் ஆடுமே என்ற பயம் இருந்தது. அந்தப் பயம்தான் பல தெருக்களில் உறவைக் காப்பாற்றி வந்தது என்பது அது போன பிறகுதான் தெரிந்தது.

மாசானமுத்து வழக்குப் போட்டது தவசிக்கனி மேல். கிழக்கே அடுத்த வீடு. மாடிப்படிக்கு மேல் சின்னதாக ஒரு கூரைக் கூண்டு கட்டத்தான் அவள் அனுமதி வாங்கியிருந்தாள், கட்டியது ஒரு முழு அறை. காலை வெயிலில் அந்த அறையின் நிழல் மாசானமுத்துவின் மொட்டை மாடியில் இருக்கும் சூரியத் தகடுகளில் விழுந்தது. முதலில் சொல்லிப் பார்த்தார். பிறகு வக்கீலைப் பார்த்தார்.

அந்த அறையில் தவசிக்கனியின் தங்கை அன்னக்கனி இருந்தாள். சாத்தூரில் கட்டிக்கொடுத்த இடத்தில் அடி தாங்காமல் வந்தவள். அக்கா வீட்டுக்காரரோடும் வளர்ந்த பையன்களோடும் ஒரே கூடத்தில் படுக்கக் கூச்சப்பட்டாள் என்றுதான் மேலே தனிப் படியும் தனிக் கதவும் வைத்துக் கட்டினார்கள். வழக்கு மாசானமுத்து பக்கம் முடிந்தது. கருவியை இறுக்கினார்கள், ஒரு வாரம் ஓடவிட்டுக் கழற்றிப் போனார்கள். அன்னக்கனி ஒரு பையோடு சாத்தூருக்கே திரும்பினாள். ஆட்டோவில் ஏறும்போது அவள் இந்த வீட்டுப் பக்கம் திரும்பவில்லை என்று பகவதி கணவரிடம் சொன்னாள். "அதுக்கு நான் என்ன செய்ய?" என்று கேட்டுவிட்டு அவர் மாடிக்குப் போய்த் தகடுகளைத் துடைத்தார்.

நகரமைப்பு அலுவலகத்தில் சாந்தை உதிர்க்கும் வேலையைப் பார்க்கும் அவிழ்ப்புப் பிரிவின் பொறியாளர் நஸ்ரின், மேல் அறை எவ்வளவு உதிர்ந்திருக்கிறது என்று பார்க்க வந்தபோது, மாசானமுத்து அவளைக் கையோடு தன் வீட்டுக்குக் கூட்டி வந்தார். மேலப்பாளையத்துப் பெண். எதைக் கேட்டாலும் முழுதாக விளக்காமல் விடமாட்டாள். படியில் கிடந்த மணலை ஒரு சின்னக் குப்பியில் எடுத்தாள், கைக்கருவியில் வைத்தாள், எண்ணைப் பார்த்தாள்.

"சார், இது அவங்க சாந்து."

"அதானே சொன்னேன்! கொண்டாந்து கொட்டுதா."

"கொட்டல சார். உங்க நிலைக்கு மேல இருந்துல்லா விழுது."

"காத்துல பறந்து வந்து ஒட்டியிருக்கும்."

"காத்துல வந்தா வீடு பூரா கிடக்கணும். இது சுவத்துக்குள்ள இருந்து வருது. உங்க சுவத்துல அவங்க சாந்து இருக்கு. அவங்களுக்குப் போட்ட ஒலி மண்ணு வழியா இங்கயும் வந்திருக்கு. இங்க இருக்க சாந்தும் கேட்டிருக்கு."

மாசானமுத்து சிரித்தார். "என் சுவத்துல எப்படிம்மா அவ சாந்து வரும்? நடக்கிற பேச்சாப் பேசு."

அடுப்படியிலிருந்து வந்து நின்ற பகவதி முந்தானையில் கையைத் துடைத்தாள். துடைத்து முடிந்த பிறகும் துடைத்துக்கொண்டிருந்தாள்.

"அந்த ஏழு மூட்டை" என்றாள்.

அவருக்கும் அப்போது ஞாபகம் வந்தது. முகம் ஒரு மாதிரியானது.

நான்கு வருடத்துக்கு முன்னால், மாசானமுத்துவுக்கு இரத்த அழுத்தம் ஏறியபோது, வாஸ்து பார்க்கிறவர் ஒருவர் வந்தார். வடக்கே தெருவைப் பார்த்து இருந்த தலைவாசல் ஆகாது, கிழக்கே மாற்று என்றார். கிழக்கே இருந்தது மூன்றடிச் சந்து, அதையடுத்துக் குட்டைச் சுற்றுச்சுவர், அப்புறம் தவசிக்கனியின் முற்றம். பரவாயில்லை என்று தெரு வாசலை அடைத்துவிட்டுச் சந்தில் கதவு வைக்க ஏற்பாடானது. நிலை வைக்க நல்ல நேரம் குறித்தாயிற்று. குங்குமம், நவதானியம், கொத்தனார் எல்லாம் தயார். சாந்து மட்டும் கிடைக்கவில்லை. வரைபட அனுமதி இல்லாமல் கடையில் ஒரு மூட்டைகூடத் தரமாட்டார்கள். வாசல் மாற்ற யாரும் அனுமதி வாங்குவதில்லை என்பதால் அவரும் வாங்கவில்லை. அன்று காலையில் தவசிக்கனி சுற்றுச்சுவருக்கு மேலே தலையை நீட்டி, "நேரம் தப்பிரும் அண்ணாச்சி. எங்க மேல்வேலைக்கு வாங்குனது கிடக்கு, எடுத்துக்கிடுங்க" என்றாள். மூட்டைகளை அவளும் அன்னக்கனியுமாகத் தூக்கிக் கொடுத்தார்கள். திருப்பிக் கேட்கவே இல்லை.

நஸ்ரின் இதைக் கேட்டுக்கொண்டே ஒரு சின்னச் சுத்தியலால் சுவரைத் தட்டினாள். கணகணவென்று கேட்ட இடத்தைத் தாண்டிப் போனாள். பொத்பொத்தென்று கேட்ட இடத்தில் சுண்ணாம்புக்கட்டியால் கோடு போட்டாள். கோடு நிலையைச் சுற்றி, மேலே ஏறி, கூரை மூலை வரை போயிற்று.

"ஏழு மூட்டையும் நிலைக்கு மட்டும் ஆகல. உடைச்ச இடத்தை எல்லாம் இதை வச்சுத்தான் சேத்திருக்காங்க. மேல தண்ணித்தொட்டி எங்க சார் இருக்கு?"

"இந்த மூலையிலதான்."

"இன்னைக்கே காலி பண்ணிருங்க. கதவையும் சாத்துனது சாத்துனபடி விட்டுருங்க. நிலை அசையக்கூடாது. இது சுவரே தாங்குற வீடு, தூணு கிடையாது. மழை பிடிச்சா இன்னும் வேகமா உதிரும்."

மாசானமுத்து நாற்காலியில் உட்கார்ந்தார். வழக்கமாக அதிகாரிகளை உட்காரவைத்துப் பேசுகிறவர், அவளை உட்காரச் சொல்ல மறந்தார்.

"அந்த ஒலிய நிறுத்திரும்மா. நான் வேணா மனு குடுக்கேன். அந்த அறை இருந்துட்டுப் போகட்டும்."

"ஒலி நின்னு நாளாச்சு சார். இப்ப நடக்கது ஒலி இல்ல. பாலுல உறை ஊத்தின பிறகு கரண்டிய வெளிய எடுத்துட்டா தயிராகாம இருக்குமா? சாந்துல உறை உடைஞ்சிட்டு. உள்ள இருந்தது தின்னு முடிக்கணும்."

"அப்ப நல்ல சாந்து போட்டு மாத்திக் கட்டிருதேன்."

"அதுக்கு அனுமதி வேணும். வரைபடத்துல இல்லாதது நிக்கிற வீட்டுக்கு வேற எந்த அனுமதியும் தரமாட்டாங்க. இந்த வாசல் உங்க வரைபடத்துலயே இல்லையே."

"இப்ப வாங்குதேன். அபராதம் கட்டுதேன். எல்லாரும் அப்படித்தான பின்னால முறைப்படுத்துதாங்க?"

நஸ்ரின் கொஞ்சம் தயங்கினாள். விளக்குவதில் ஆசையுள்ளவள்தான், ஆனால் இதை விளக்க அவளுக்கே ஒரு மாதிரி இருந்தது.

"மத்த தெருவுல முடியும் சார். இங்க முடியாது. கட்டின பிறகு அனுமதி குடுக்கிற வழக்கம் இந்தத் தெருவுல இருக்கவே கூடாதுன்னு உங்க வக்கீல் வாதாடி, அப்படியே உத்தரவாகியிருக்கு. அவங்க அறைய முறைப்படுத்தக் குடுத்த மனு அதனாலதான் தள்ளுபடி ஆச்சு."

"அது அவளுக்காகக் கேட்டது!"

"உத்தரவுல ஆள் பேர் இல்ல சார். தெருப் பேர்தான் இருக்கு."

அந்த உத்தரவைத் தெருச் சங்கத்தின் வாட்ஸ்அப் குழுவில் போட்டு, அடியில் கைகூப்பும் படமும் சேர்த்தவர் அவர்தான். பகவதி அவருக்கு ஒரு மாத்திரையும் தண்ணீரும் எடுத்துவைத்தாள்.

"அப்ப இடிஞ்சு விழுகட்டுங்கியா?"

"முட்டுக் குடுக்கலாம்" என்றாள் நஸ்ரின். அவள் முகம் தெளிந்தது. வழி என்று ஒன்றைச் சொல்லக் கிடைத்துவிட்டது. "முட்டுக்கு அனுமதி தேவையில்ல. ஆள் உயிருக்கு ஆபத்துன்னா யாரும் முட்டுக் குடுக்கலாம்னு சட்டத்துலயே இருக்கு. கூரைய உள்ள இருந்து இரும்புத் தூண் வச்சுத் தாங்கிரலாம். ஆனா சுவரு வெளிப்பக்கமாச் சாயும். அதை வெளிய இருந்துதான் பிடிக்கணும். சவுக்குக் கம்பு எட்டு, சாய்ச்சு வச்சு, அடியில ஆப்பு அடிச்சா நிக்கும்."

"சரி, சந்துல வையி."

"சந்து மூணடிதான் சார். ஏணிய நட்டமா வச்சா ஏறும்போதே பின்னால சாயும்லா? காலை இழுத்து வச்சாத்தான் நிக்கும். கம்பும் அப்படித்தான். இந்த உயரத்துக்குக் காலு ஏழடி தள்ளி ஊணணும்." அவள் கையை நீட்டினாள். விரல் சந்தைத் தாண்டி, சுற்றுச்சுவரைத் தாண்டி, தவசிக்கனியின் முற்றத்தைக் காட்டியது.

தவசிக்கனி முற்றத்தில் செங்கல் அடுக்கிக்கொண்டிருந்தாள். மேல் அறையின் செங்கற்கள். சாந்து முழுதாக விட்டுப்போனதால் சூளையிலிருந்து இறக்கியவை போலவே இருந்தன. சுற்றுச்சுவருக்கு அந்தப் பக்கம் மூன்று பேரும் வந்து நிற்பதைப் பார்த்தும் கையிலிருந்த வரிசையை முடித்துவிட்டுத்தான் நிமிர்ந்தாள்.

"வாங்க அண்ணாச்சி. வக்கீல் வரலையா?"

"தவசி, ஒரு அவசரம்..."

"மைனி முந்தியே சுவரோரம் வந்து சொல்லிட்டாவ" என்று பகவதியைக் காட்டினாள். "உங்க சுவருல எங்க சாந்து. நல்லாத்தான் இருக்கு. குடுத்தது நாங்க மறந்தாச்சு, வாங்குனது நீங்க மறந்தாச்சு. அது மறக்கலையே."

நஸ்ரின் இடையில் புகுந்து முட்டுக் கொடுப்பதைப் பற்றிச் சொன்னாள். தவசிக்கனி கவனமாகக் கேட்டாள்.

"என் மண்ணுல அவ்வோ கம்ப ஊணுனா அது ஆக்கிரமிப்பு இல்லையா பிள்ள?"

"நீங்க சம்மதிச்சா இல்லக்கா."

"சம்மதிக்கலன்னா?"

சுவருக்குள் எங்கோ மணல் இறங்கும் சத்தம் சரசரவென்று கேட்டது. நின்றது.

"எத்தனை நாளைக்கு?"

நஸ்ரின் மாசானமுத்துவைப் பார்த்தாள். அவர் தரையைப் பார்த்தார். "மாத்திக் கட்ட வழி இல்லக்கா. சுவரு இருக்க வரைக்கும் கம்பும் இருக்கணும்."

"ஊணிட்டுப் போயிட்டா அப்படியே நிக்குமா?"

"நிக்காது. பச்ச மரம் காய்ஞ்சா சுருங்கும், சுருங்குனா லேசாகும். ஆப்ப அடிச்சு இறுக்கிக்கிட்டே இருக்கணும். மழையில நனைஞ்சா அடிமண்ணு இளகும், அதையும் பாக்கணும்."

"அப்ப ஒரு ஆளு இங்கயே கிடக்கணும்."

"கிடந்தா நல்லதுக்கா."

"மழை படாம மேல தகரம் போட்டா?"

"ரொம்ப நல்லது! மண்ணு காய்ஞ்சு கிடக்கும். தகரத்தோட கனமும் கம்ப அமுக்கிப் பிடிக்கும், சுவத்தோட இன்னும் இறுகும். சுத்தியும் தட்டி அடைச்சா சாரலும்..." நஸ்ரின் சொல்லிக்கொண்டே போனவள் வேகத்தைக் குறைத்தாள்.

"கம்பு, தகரம், தட்டி. இது உங்க கணக்குல கட்டடமா?"

"இல்லக்கா. சாந்து வச்சுச் சேத்தாத்தான் கட்டடம். சட்டத்துல அப்படித்தான் எழுதியிருக்கு." கடைசிச் சொல்லைச் சொல்லும்போது நஸ்ரினுக்குப் புரிந்துவிட்டது. பகவதிக்கு அதற்கு முன்பே புரிந்திருந்தது.

"எந்தக் கருவியும் இதுல ஒண்ணும் செய்ய முடியாதுல்லா?"

"கேட்க இதுல சாந்தே இல்லையேக்கா."

மாசானமுத்துவுக்குத்தான் கடைசியாக உறைத்தது. "அது அறைல்லா! திரும்பவும் அறை கட்டப் பாக்கியா?"

"அறை இல்ல அண்ணாச்சி. முட்டு."

"விடமாட்டேன். திரும்பக் கேஸ் போடுவேன்!"

"போடுங்க" என்றாள் பகவதி. அவள் குரலை உயர்த்தவில்லை. "போட்டு ஜெயிங்க. கம்ப எடுக்கச் சொல்லுவாவ. எடுக்கட்டும். நாம உள்ள இருப்போம்."

தவசிக்கனி சிரிக்கவில்லை. ஒரு செங்கல்லை எடுத்துக் கையில் பிடித்தபடி சுற்றுச்சுவர் அருகே வந்தாள்.

"நான் உங்க வெயில மறைக்கக் கட்டல அண்ணாச்சி. அவளுக்கு உள்ள இருந்து போட ஒரு தாழ்ப்பா வேணும். அவ்வளவுதான் கட்டுனேன். அதையும் நீங்க மணலாக்கிட்டிய. அவ அங்க போயி என்ன பாடு படுதான்னு எனக்குத் தெரியும், உங்களுக்குத் தெரிய வேண்டாம். கம்ப ஊணிக்கிடுங்க. ஆனா ஆப்பு அடிக்கிற ஆளு எங்க ஆளு."

"வேற ஆளு நான் போடுதேன், சம்பளத்துக்கு..."

"என் முற்றத்துல உங்க ஆளா?"

அவர் தலையை அசைத்தார். சரி என்றா இல்லை என்றா என்று தெரியாத ஓர் அசைவு. தவசிக்கனி அதைச் சரி என்று எடுத்துக்கொண்டு, போனை எடுத்துத் தள்ளிப் போய்ப் பேசினாள்.

இரண்டு நாளில் சவுக்குக் கம்புகள் வந்தன. நஸ்ரின் வேலை முடிகிறவரை கூடவே நின்றாள். அது அவள் வேலை இல்லை. ஒவ்வொரு ஆப்பையும் எந்தப் பக்கம் அடிக்க வேண்டும், கம்பைத் தட்டினால் என்ன சத்தம் வந்தால் இறுக்கம் சரி என்று, வந்து இறங்கிய அன்னக்கனிக்குப் பொறுமையாகக் காட்டிக்கொடுத்தாள். அன்னக்கனியின் இடது மணிக்கட்டில் மாவுக்கட்டு இருந்தது. நஸ்ரின், "ஒரு கையால அடிக்க முடியுமாக்கா?" என்று மட்டும் கேட்டாள். "முடியும்" என்றாள் அன்னக்கனி.

மாசானமுத்து அடுப்படிச் சன்னல் வழியாக இதையெல்லாம் பார்த்தார். வாஸ்துக் கதவை இனித் திறக்க முடியாது. அடைத்த தெரு வாசலைத் திறக்கவும் முடியாது, அது கட்டுமானம், அதற்கும் அனுமதி வேண்டும். பால்காரர், தபால்காரர், பகவதியின் தங்கை குடும்பம் எல்லாருமே பின்னால் சுற்றி, பாத்திரம் கழுவும் இடத்தைத் தாண்டித்தான் வர வேண்டும். மாடியில் தகடுகளின் மேல் காலை வெயில் முழுதாக விழுந்தது. போய்ப் பார்க்க அவருக்குத் தோன்றவில்லை.

முதல் மழை பெய்த காலையில் அவர் விழித்துக்கொண்டு, சுவரையே பார்த்தபடி படுத்திருந்தார். வெளியே டக், டக் என்று ஆப்பு அடிக்கும் சத்தம் கேட்டது. எட்டாவது கம்பு வரை கேட்ட பிறகுதான் மூச்சு சீரானது. அன்னக்கனிக்குக் காய்ச்சல் என்று ஒருநாள் சத்தம் வரவில்லை. அவர் பகவதியைக் கஷாயம் போடச் சொல்லிக் கொடுத்தனுப்பினார். தவசிக்கனி அதைச் சுற்றுச்சுவர் மேலேயே வாங்கி, பாத்திரத்தை உடனே கழுவித் திருப்பிக் கொடுத்தாள்.

சுவர் நிற்கிறது. எட்டுக் கம்புகளின் மேல்முனை மாசானமுத்துவின் சுவரில் இருக்கிறது, கீழ்முனை தவசிக்கனியின் மண்ணில். மேலே தகரம், சுற்றிலும் தட்டி, உள்ளே ஒரு கட்டில், கதவில் ஒரு தாழ்ப்பாள். தகரத்தின் கனம் கம்புகளைச் சுவரோடு அழுத்துகிறது. மரம் சுருங்கும் அளவுக்கு அன்னக்கனி தினமும் காலையில் ஆப்புகளை அடித்து இறுக்குகிறாள். அவள் அங்கே இருக்கும்வரை வீடு விழாது.